நீனோ ரோட்டா தன் மெட்டையே சுட்டாரா?

கேள்வி – பிப்ரவரி 9
"காட்ஃபாதர்" இசைக்கு ஆஸ்கார் பரிந்துரை கொடுத்துவிட்டுப் பிறகு பிடுங்கிக்கொண்டார்களாமே? அந்தக் காதல் மெட்டு ஏதோ பழைய இத்தாலியப் படத்திலிருந்து சுட்டதாம். உலகமே கொண்டாடுகிற மெட்டே சுட்ட மெட்டு என்றால், நம்ம ஆட்களை மட்டும் எதற்குத் திட்டிக்கொண்டிருக்கிறோம்?

பிப்ரவரி 9, இரவு
சுட்டதுதான். யாரிடமிருந்து என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் பாதி விவாதம் அங்கேயே முடிந்திருக்கும். அந்தப் பழைய படத்துக்கு இசை போட்டவரும் "காட்ஃபாதர்" இசையமைத்த இதே நீனோ ரோட்டாதான். படத்தின் பெயர் "ஃபோர்த்துனெல்லா", 1958. இயக்கம் எதுவார்தோ தெ ஃபிலிப்போ. திரைக்கதையில் இத்தாலிய இயக்குநர் ஃபெல்லினிக்கும் பங்கு உண்டு, நாயகி அவர் மனைவி ஜூலியெத்தா மசீனா. பதினான்கு வருஷம் கழித்து 1972இல் "காட்ஃபாதர்" வந்தபோது அந்த மெட்டையே எடுத்து மெதுவாக்கிக் கொடுத்தார். பரிந்துரைப் பட்டியலும் வெளியாகிவிட்டது. விஷயம் ஆஸ்கார் கொடுக்கிற அகாடமியின் காதுக்கு எட்டியதும், இது இந்தப் படத்துக்கென்றே எழுதிய இசை இல்லை என்று பெயரை நீக்கினார்கள். காலியான இடத்துக்கு மறுபடி ஓட்டெடுத்து, ஜான் ஆடிசன் இசையமைத்த "ஸ்லூத்" உள்ளே வந்தது.

திருட்டு வேறு, இது வேறு. ஆனால் "இது" என்ன என்பதுதான் எனக்கும் குழப்பம்.

பிப்ரவரி 10
"ஃபோர்த்துனெல்லா" மெட்டை யூடியூபில் தேடிக் கேட்டுவிட்டு வந்து பேசுங்கள். நிறைய பேர் கேட்காமலே பேசுகிறீர்கள்.

நான் திருச்சிப் பக்கம் ஒரு மெல்லிசைக் குழுவில் கீபோர்டு வாசித்தவன். வரவேற்பு மேடைகளில் மாப்பிள்ளை நடந்து வரும்போது இந்தக் காதல் மெட்டை வாசிக்கச் சொல்லிக் கேட்பார்கள். படத்தில் இது யாருக்கான மெட்டு, அந்தப் பெண் காருக்குள் என்ன ஆகிறாள் என்பதெல்லாம் அங்கே யாருக்கு வேண்டும்? வாசிப்போம். ஒருநாள் ஒத்திகையில் "ஃபோர்த்துனெல்லா" வேகத்துக்கு ஏற்றி, பிராஸ் டோன் வைத்து வாசித்துக் காட்டினேன். எங்கள் டிரம்ஸ்காரர் சிரித்தே விட்டார். அப்பளம் விற்கிற வண்டிக்குப் போடலாம் என்றார். சுரம் ஒன்றுகூட மாறவில்லை. மறுபடி மெதுவாக்கி மாண்டலின் டோனில் வாசித்தபோது அதே ஆள் தலையைக் குனிந்துகொண்டு, டிரம்ஸை மெதுவாக வருடுகிற பிரஷ்ஷை எடுத்தார்.

இதிலிருந்து என் கட்சி தெரிந்திருக்கும். படத்துக்கு இசை போடுவது என்றால் மெட்டு எழுதுவது மட்டும் இல்லை. எந்த வேகம், எந்த வாத்தியம், எங்கே ஆரம்பித்து எங்கே நிறுத்துவது என்பதுதான் பெரும்பாதி வேலை. நம்ம ஊரில் பின்னணி இசை சேர்க்கிற வேலைக்கு ரீரெக்கார்டிங் என்று தனியாக ஒரு வார்த்தை வைத்திருக்கிறோமே, சும்மாவா?

பிப்ரவரி 10, இன்னொன்று
மேலே ஒருவர் "மோரிக்கோனே இசையைப் பற்றி நன்றாகச் சொன்னீர்கள்" என்று பாராட்டியிருக்கிறார். நன்றி, ஆனால் அவர் வேறு ஆள். எனியோ மோரிக்கோனே செர்ஜியோ லியோனேவின் கௌபாய்ப் படங்களுக்குப் போட்டவர், விசில் அடிப்பதும் சவுக்குச் சத்தமும் வருமே. ரோட்டா 1911இல் மிலானில் பிறந்தவர், மோரிக்கோனே 1928இல் ரோமில். இத்தாலிக்காரர், இசைக்காரர் என்பதோடு ஒற்றுமை முடிந்தது.

பிப்ரவரி 12
இந்தக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த இடத்தை யாருமே தொடவில்லை. ரோட்டாவை வெளியே தள்ளிய அந்த வருஷம் அதே பிரிவில் ஜெயித்தது எது தெரியுமா? சாப்ளினின் "லைம்லைட்". அது 1952ஆம் வருஷத்துப் படம்! அமெரிக்காவில் அப்போது சாப்ளினை கம்யூனிஸ்ட் என்று ஒதுக்கிவைத்திருந்தார்கள். லாஸ் ஏஞ்சல்ஸில் படத்தை முறையாகத் திரையிட விடவில்லை. ஆஸ்காருக்கு அந்த ஊரில் ஓடியிருக்க வேண்டும் என்பது அப்போதைய விதி. 1972இல்தான் அங்கே ஓடியது. ஆகவே இருபது வருஷப் பழைய இசை, விதிப்படி "புதுசு". சாப்ளினோடு விருதைப் பகிர்ந்த ரேமண்ட் ராஷ், லாரி ரஸல் இருவருமே அதற்குள் இறந்துபோயிருந்தார்கள்.

பதினான்கு வருஷப் பழைய மெட்டைப் புதிதாக உடுத்திக் கொண்டுவந்தவருக்கு இடமில்லை. இருபது வருஷப் பழைய இசையை அப்படியே கொண்டுவந்தவருக்குச் சிலை. "காட்ஃபாதர்" நாயகன் மார்லன் பிராண்டோ தன் விருதை வாங்க மாட்டேன் என்று சொல்லியனுப்பியதும் அதே 1973 மார்ச் இரவுதான். அதனால் மறுநாள் இந்த வேடிக்கையைப் பற்றிப் பேச யாருக்கும் நேரம் இருந்திருக்காது.

பிப்ரவரி 13
இரவெல்லாம் இதையே யோசித்தேன். அகாடமி செய்தது அநியாயம் என்று சொல்ல எனக்கு இப்போது வாய் வரவில்லை. பிரிவின் பெயரிலேயே "அசல்" என்று இருக்கிறது. ஒருவர் தன் பழைய மெட்டைக் கொண்டுவரலாம் என்று விட்டால், அடுத்தவர் அலமாரியைக் காலி செய்துகொண்டு வருவார். "லைம்லைட்" இசை பழையது என்றாலும் அந்தப் படத்துக்கென்றே பிறந்தது. விதிக்கு அது போதும்.

கிராமி, கோல்டன் குளோப், பாஃப்டா மூன்றும் அதே "காட்ஃபாதர்" இசைக்கு விருது கொடுத்தன என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஒருவர் தடுத்தால் மூன்று பேர் கூப்பிட்டு உட்கார வைத்தார்கள்.

பிப்ரவரி 16
"சினிமாவுக்கு மெட்டுப் போட்டுப் பிழைத்தவர்" என்று ஒருவர் எழுதியதைப் பார்த்து எரிச்சலாகிவிட்டது. ஆகவே இது கொஞ்சம் நீளும்.

தாய்வழித் தாத்தா ஜொவான்னி ரினால்தி பியானோக்காரர், பாடல் இயற்றுபவர். அம்மாவும் பியானோ. பையன் பதினோரு வயதில், திருமுழுக்கு யோவானின் குழந்தைப் பருவத்தைப் பற்றி ஒரு ஆரட்டோரியோ, அதாவது நடிப்பில்லாமல் பாடியே கதை சொல்கிற உருப்படி, எழுதினான். கோரஸ், ஆர்கெஸ்ட்ரா எல்லாம் சேர்ந்த பெரிய உருப்படி. மிலானில் அரங்கேறி, 1923இல் பிரான்ஸ் வரை போனது. பத்திரிகைகள் குட்டி மோட்ஸார்ட் என்று எழுதின. இப்படி எழுதப்பட்ட குழந்தைகள் பெரும்பாலும் இருபது வயதில் காணாமல் போவார்கள். இவர் போகவில்லை. பித்ஸெத்தி, கசெல்லா என்று இத்தாலியின் அன்றைய பெரிய வாத்தியார்களிடம் படித்தார். ஆர்கெஸ்ட்ரா நடத்துநர் தோஸ்கனீனி சொன்னதைக் கேட்டு, 1930இல் அமெரிக்காவில் ஃபிலடெல்ஃபியாவின் கர்ட்டிஸ் நிறுவனத்துக்குப் போனார். அங்கே ஃபிரிட்ஸ் ரைனரிடம் ஆர்கெஸ்ட்ரா நடத்தவும், ரொஸாரியோ ஸ்கலேரோவிடம் இசை இயற்றவும் கற்றார். ஊர் திரும்பி, மிலான் பல்கலைக்கழகத்தில் இலக்கியப் பட்டம். ஆய்வுக்கு எடுத்துக்கொண்டது பதினாறாம் நூற்றாண்டு இசை இலக்கணக்காரர் ஸார்லினோவை.

முதல் படம் 1933இல், "த்ரேனோ பொப்போலாரே". ஞாயிற்றுக்கிழமை மலிவுக் கட்டண ரயிலில் ஊர் சுற்றப் போகிறவர்களைப் பற்றியது. படம் ஓடவில்லை. அதன்பின் சுமார் பத்து வருஷம் சினிமா பக்கமே வரவில்லை. அந்த இடைவெளியில்தான் தெற்கு இத்தாலியின் பாரி நகர இசைக் கல்லூரியில் ஆசிரியராகச் சேர்ந்தார். 1950இலிருந்து 1977 வரை அங்கே இயக்குநர். ஃபெல்லினி படங்கள், விஸ்கோந்தி படங்கள், "காட்ஃபாதர்" எல்லாமே ஒரு கல்லூரி முதல்வர் ஓய்வு நேரத்தில் எழுதியவை. அட்டெண்டன்ஸ், தேர்வு, ஃபைல் எல்லாம் பார்த்துவிட்டு.

அந்தக் கல்லூரிக்குத் தேர்வு எழுத மொல்ஃபெத்தாவிலிருந்து வந்த ஒரு பையனை ரோட்டாதான் அடையாளம் கண்டு தூக்கிவிட்டார். ரிக்கார்தோ மூத்தி. பிற்பாடு மிலானின் ஆப்பெரா அரங்கான லா ஸ்காலாவின் இசையைப் பல வருஷம் நடத்தியவர். ரோட்டாவின் பட இசையைப் பெரிய ஆர்கெஸ்ட்ராவோடு பதிவுசெய்து வாத்தியார் கடனைத் தீர்த்தவரும் அவரே.

பிப்ரவரி 17
ஃபெல்லினியைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். முதல் சந்திப்பை ஃபெல்லினி ஒரு கதையாகச் சொல்வார். சினெசித்தா ஸ்டூடியோ வாசலில் ஒரு குள்ளமான மனிதர் நிற்காத இடத்தில் டிராமுக்குக் காத்துக்கொண்டிருந்தாராம். இங்கே நிற்காது என்று சொல்ல ஃபெல்லினி போவதற்குள் டிராம் வந்து அவர் முன்னாலேயே நின்றதாம். ஃபெல்லினி சொல்கிற எதையும் அப்படியே நம்புவது உங்கள் சாமர்த்தியம். ஆனால் 1952இல் "வெள்ளை ஷேக்"கில் சேர்ந்த இருவரும் ரோட்டா சாகும்வரை பிரியவில்லை. கடைசியாகச் சேர்ந்தது "ஆர்கெஸ்ட்ரா ஒத்திகை". 1979 ஏப்ரல் 10 அன்று ரோமில் ரோட்டா இறந்தார். அதன்பின் ஃபெல்லினி பகலோவ், பியோவானி என்று மாறி மாறிப் போனார்.

வேலை நடந்த விதம் நம்ம ஊர் கம்போசிங் மாதிரியேதான். ரோட்டா பியானோவில், ஃபெல்லினி பக்கத்தில் நின்றுகொண்டு அது வேண்டாம், இது கொஞ்சம் சோகமாக, அது சர்க்கஸ் மாதிரி என்பார். படப்பிடிப்பிலேயே தனக்குப் பிடித்த பழைய இசைத்தட்டைப் போட்டு நடிகர்களை நடக்கவைப்பார். பிறகு ரோட்டாவிடம் அதே மாதிரி வேண்டும், ஆனால் அதுவாக இருக்கக் கூடாது என்பார். இந்த வாக்கியத்தை மேடையில் கேட்காத கீபோர்டுகாரன் உண்டா?

இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், ரோட்டாவின் நிறைய மெட்டுகள் பிறந்ததே இன்னொரு மெட்டின் நிழலில். ஃபூச்சிக் எழுதிய "கிளாடியேட்டர்களின் நுழைவு" என்ற சர்க்கஸ் மார்ச்சைக் கேட்டுவிட்டு ஃபெல்லினியின் "எட்டரை" படத்தின் கடைசி ஊர்வலத்தைக் கேளுங்கள்.

பிப்ரவரி 17, சேர்க்கை
1993இல் ஃபெல்லினி இறந்தபோது மனைவி மசீனா கேட்டுக்கொண்டபடி மௌரோ மௌர் ட்ரம்பெட்டில் வாசித்ததும் ரோட்டாவின் உருப்படிதான்.

பிப்ரவரி 20
தன் சரக்கையே திரும்ப எடுப்பது ரோட்டாவுக்கு ஒருநாள் தவறு இல்லை, வழக்கம். 1947இல் ஒரு சிம்பொனி எழுதினார், ஒரு காதல் பாட்டின் மேல் கட்டியது. அதிலிருந்து எடுத்து 1949இல் "தி கிளாஸ் மௌண்டன்" என்ற ஆங்கிலப் படத்துக்குப் போட்டார். அங்கே அது பெரிய ஹிட். 1963இல் விஸ்கோந்தியின் "சிறுத்தை" படத்துக்கும் அதே சிம்பொனிதான் அடித்தளம். விஸ்கோந்திக்கு அது தெரியும், பிடித்துத்தான் எடுத்துக்கொண்டார். அந்தப் படத்தின் நீண்ட நடன விருந்துக் காட்சியில் வருகிற ஒரு வால்ட்ஸ் ரோட்டாவுடையதே இல்லை. ஆப்பெரா இசையமைப்பாளர் வெர்டி பியானோவுக்கு எழுதி வெளிவராமல் கிடந்தது. ரோட்டா அதை ஆர்கெஸ்ட்ராவுக்கு மாற்றிக்கொடுத்தார். ஃபெல்லினியின் "லா ஸ்த்ராதா" பட இசை 1966இல் லா ஸ்காலாவில் பாலே ஆனது.

அவர் மனசில் படம் தனி, கச்சேரி தனி, கல்லூரி தனி என்று சுவர் இல்லை. எல்லாம் ஒரே அடுப்பில் வெந்தது. பழைய குழம்பைச் சுடவைத்து ஊற்றினார் என்று திட்டலாம், ஆனால் அடுத்தநாள் குழம்புக்கு உள்ள ருசி தெரிந்தவர்கள் திட்ட மாட்டார்கள்.

கேள்வி கேட்டவர் "நம்ம ஆட்கள்" என்றாரே, அதற்கும் ஒன்று. பாலு மகேந்திராவின் "வீடு" படத்துக்குப் பின்னணியாக ஒலிப்பது இளையராஜா முன்பே போட்டிருந்த "ஹவ் டு நேம் இட்" தொகுப்பின் இசை. படம் பார்த்த யாராவது பழசைத் தூக்கிப் போட்டார்கள் என்று புகார் சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா? அந்த வீட்டுக்கே எழுதினது போலத்தான் இருக்கும்.

பிப்ரவரி 21
"தன் மெட்டை எடுத்தால் சரி, அடுத்தவன் மெட்டை எடுத்தால்?" என்று கோவை நண்பர் பிடித்துவிட்டார். "லா ஸ்த்ராதா"வின் நாயகி ஜெல்சொமீனாவின் மெட்டு டுவோர்ஷாக்கின் தந்தி வாத்திய செரனேடில், மெதுவாக நடக்கும் நான்காம் பகுதியோடு ஒட்டி நிற்கிறது என்று சொல்வது இன்று நேற்றல்ல. நானும் இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டேன். ஆரம்பம் கிட்டத்தட்ட ஒன்று. இதற்கு என்னிடம் சமாதானம் இல்லை, ரோட்டாவுக்காக வக்காலத்து வாங்கவும் போவதில்லை.

ஆனாலும் ஒன்று. டுவோர்ஷாக்கிடம் அது கேட்டு முடிந்துபோகிற அழகு. ஃபெல்லினி படத்தில் அந்த மெட்டுதான் கதையை நடத்துகிறது. ஜெல்சொமீனா ட்ரம்பெட்டில் வாசிக்கக் கற்றுக்கொள்கிறாள். அவளை விட்டுவிட்டு ஓடிய தெருவித்தைக்காரன் ஸம்பானோ, வருஷங்கள் கழித்து, துணி உலர்த்துகிற ஒரு பெண் அதே மெட்டை முனகுவதைக் கேட்கிறான். அப்படித்தான் அவள் செத்துப்போனது அவனுக்குத் தெரியவருகிறது. வசனத்தில் சொல்லியிருந்தால் அரைநிமிஷத்தில் மறந்துபோயிருப்போம்.

பிப்ரவரி 24
"காட்ஃபாதர்" இசை படத்திலேயே இல்லாமல் போயிருக்கும். படத்தை எடுத்த பாரமவுண்ட் நிறுவனத்தின் ராபர்ட் எவன்ஸுக்கு அது பிடிக்கவில்லை, மேதாவிகளுக்கான சங்கீதம் போல இருக்கிறது என்று நினைத்தார். இயக்குநர் கொப்போலா விடவில்லை. கடைசியில் எவன்ஸ் இறங்கிவந்தார்.

குதிரைத் தலைக் காட்சியைச் சொல்லியே ஆக வேண்டும். ரோட்டா அனுப்பிய இசை அந்தக் கோரத்துக்கு ரொம்ப மென்மையாக இருந்தது. ஒலிப்பதிவைப் பார்த்துக்கொண்ட வால்ட்டர் மர்ச் புதிதாக எழுதச் சொல்லவில்லை. அதே டேப்பில் இரண்டு பிரதி எடுத்து, ஒன்றைக் கொஞ்சம் தள்ளி ஒன்றின்மேல் ஒன்றாக ஓடவிட்டார். தொடக்கத்தில் இனிமையாகப் போகிறது, போகப் போக இரண்டும் மோதிக்கொண்டு பைத்தியம் பிடித்தது போல ஆகிறது. மெட்டு ரோட்டாவுடையது, பயம் மர்ச்சினுடையது. இதையும் "அசல்" தராசில் வைத்தால் முள் எந்தப் பக்கம் சாயும்?

எங்கள் குழு ட்ரம்பெட்காரர் இந்தப் படத்தின் வால்ட்ஸ் ஆரம்பத்தை எப்போதும் சத்தமாக வாசிப்பார். இருட்டுத் திரையில் ஒற்றை ட்ரம்பெட், துணைக்கு எதுவும் இல்லாமல் வருகிற இடம் அது. எவ்வளவு சொன்னாலும் கேட்க மாட்டார், மேடையில் மைக் இருக்கிறதே என்பார்.

பிப்ரவரி 28
மோரிக்கோனேவைக் கொண்டுவந்தவருக்கு இப்போது நன்றி சொல்ல வேண்டியிருக்கிறது. 2016இல் அவர் 87 வயதில் "தி ஹேட்ஃபுல் எய்ட்"டுக்கு ஆஸ்கார் வாங்கினார் இல்லையா? அந்தப் படத்தில் "தி திங்" என்ற 1982 படத்துக்கு அவர் எழுதி, படத்தில் சேராமல் மிச்சமிருந்த துண்டுகளும் ஒலிக்கின்றன. புதிதாக எழுதியதும் நிறைய இருந்ததால் தடையில்லை. ரோட்டாவின் விஷயத்தில் சிக்கியது படத்தின் முகமே ஆன மெட்டு. வித்தியாசம் புரிகிறது. ஆனாலும் 1973இல் யாராவது இப்படி எண்ணிப் பார்த்து, மீதி எவ்வளவு புதுசு என்று கேட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று தோன்றாமல் இல்லை. பிப்ரவரி 13 குறிப்பில் இருந்த உறுதி இப்போது கொஞ்சம் தளர்ந்திருக்கிறது.

மார்ச் 2
எங்கே ஆரம்பிப்பது என்று கேட்கிறார்கள். "காட்ஃபாதர்" வேண்டாம், அது காதில் தேய்ந்துபோயிற்று. ஃபெல்லினியின் "அமர்கோர்த்" கேளுங்கள், பிறகு "கஸனோவா", அதில் ரோட்டா இனிமையை ஓரமாக வைத்துவிட்டுக் கண்ணாடி உடைவது போல ஏதோ செய்திருப்பார். சினிமா வேண்டாம் என்றால் ட்ராம்போன் கான்செர்ட்டோ இருக்கிறது, உலகம் முழுக்க ட்ராம்போன் மாணவர்கள் அதில் கைவைக்காமல் இருப்பதில்லை. சிரிக்க வேண்டும் என்றால் "ஃப்ளாரன்ஸ் வைக்கோல் தொப்பி" ஆப்பெரா, போர் முடிகிற சமயத்தில் எழுதி 1955இல் பலெர்மோவில் அரங்கேறியது.

"ரோமியோ ஜூலியட்" 1968 படமும் இவருடையதே என்று நினைவூட்டியவருக்கு: ஆமாம், அதன் மெட்டை ஹென்றி மான்சீனி பியானோவில் வாசித்த இசைத்தட்டு 1969இல் அமெரிக்கப் பட்டியலில் பீட்டில்ஸின் "கெட் பேக்"கைக் கீழே இறக்கி முதலிடம் பிடித்தது. மெட்டு எழுதியவர் அப்போதும் பாரியில் ஃபைல் பார்த்துக்கொண்டிருந்திருப்பார்.

மார்ச் 5
"கடைசிவரை ஆஸ்கார் கிடைக்கவே இல்லையா?" என்று கேட்டவர் மேலே எதையும் படிக்கவில்லை போலிருக்கிறது, ஆனால் கேள்வி நல்ல கேள்வி.

கிடைத்தது. "காட்ஃபாதர் இரண்டாம் பாகம்", 1975 விழாவில். நியூயார்க் வந்து இறங்குகிற சிறுவனுக்கான அந்தக் குடியேறிகள் மெட்டு இதற்கென்றே புதிதாக எழுதியது. வேடிக்கை என்னவென்றால், முதல் பாகத்தில் தடைபோட்ட அதே காதல் மெட்டு இரண்டாம் பாகத்திலும் தலைகாட்டுகிறது. இந்தத் தடவை யாரும் கேட்கவில்லை. விருதை ரோட்டாவோடு பகிர்ந்தவர் கார்மைன் கொப்போலா, இயக்குநரின் அப்பா. மேடையேறி, என் மகன் மட்டும் இல்லையென்றால் நான் இன்று இங்கே நின்றிருக்க மாட்டேன் என்றார். அதே மூச்சில், நான் இல்லையென்றால் அவனும் இங்கே இருந்திருக்க மாட்டான் என்று முடித்தார்.